கூச்சல் போட 15 நொடி

2003 மே 1. அமெரிக்காவின் தென் கரோலினா மாநிலத்தில் கிரீன்வில் நகரம். அரங்கம் நிரம்பியிருக்கிறது. வெளியே சிலர் எதிர்ப்பு அட்டைகளோடு நிற்கிறார்கள். அதிபரைப் பற்றிச் சொன்ன ஒரு வாக்கியத்துக்காக இந்த இசைக்குழு மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று அந்த மாநிலச் சட்டமன்றத்தின் கீழவையே தீர்மானம் போட்டிருந்தது. மேடையில் மூன்று பெண்கள். நடுவில் நின்று பாடுபவர் நடலி மெய்ன்ஸ். மைக்கில் அவர் சொன்னதன் சாரம் இது: எங்களை எதிர்த்துக் கூச்சல் போட வந்தவர்கள் இங்கே இருந்தால் தாராளமாகப் போடலாம், பேச்சுரிமையை நாங்கள் வரவேற்கிறோம், உங்களுக்கென்று 15 நொடி தருகிறோம்.

15 நொடியும் சத்தம் வந்தது. அத்தனையும் ஆரவாரம்.

அமெரிக்காவுக்குள் அவர்களுடைய சுற்றுப்பயணம் தொடங்கிய இரவு அது. அந்தப் பயணத்தில் பல ஊர் மேடைகளில் பதிவு செய்ததைத் தொகுத்து, அதே வருடம் நவம்பரில் இரண்டு சிடிகளாக வெளியிட்டார்கள். 22 பாட்டு. ‘டாப் ஆஃப் த வேர்ல்ட் டூர்: லைவ்’. அமெரிக்கத் தென் மாநிலங்களில் பிறந்த கன்ட்ரி இசையைப் பாடும் டிக்ஸி சிக்ஸ் குழுவின் முதல் லைவ் ஆல்பம். (2020இலிருந்து பெயரின் முன்பாதியை நீக்கிவிட்டு ‘தி சிக்ஸ்’ என்று மட்டும் வைத்துக்கொண்டிருக்கிறார்கள். அடிமை முறைக் காலத்துத் தென் மாநிலங்களை நினைவூட்டும் சொல் என்பதால் எடுத்தார்கள். நான் எழுதுவது 2003 பற்றி என்பதால் பழைய பெயரையே சொல்கிறேன்.)

பொதுவாக லைவ் ஆல்பங்களை நான் தேடிப் போய்க் கேட்பவன் இல்லை. கன்ட்ரி இசையில் 1968இல் ஜானி கேஷ் ஃபோல்சம் சிறைக்குள் போய்ப் பாடிப் பதிவு செய்தது ஒரு பெரிய விதிவிலக்கு. மற்றபடி ஹிட் பாட்டுகளை மேடையில் இன்னொரு தடவை பாடி, நடுவில் நாலு கைதட்டலைச் சேர்த்து, கிறிஸ்துமஸ் விற்பனைக்குக் கடையில் அடுக்குவார்கள். ரசிகர்கள் வாங்குவார்கள், இரண்டு தடவை கேட்பார்கள், ஸ்டுடியோ பதிவுக்கே திரும்பிவிடுவார்கள். இந்த ஆல்பத்தையும் அந்த வரிசையில் வைத்து ஒதுக்கியவர்கள் நிறைய. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. ஒரு குழுவின் முகத்தின் மீது வானொலிகள் கதவைச் சாத்திய வருடத்தில், கதவுக்கு அந்தப் பக்கம் யார் இருந்தார்கள் என்பதற்கு இருக்கும் ஒலிச்சாட்சி இதுதான். இந்தப் பதிவில் நான் பாடகரைக் கேட்கிற அளவுக்குக் கூட்டத்தையும் கேட்கிறேன்.

குழுவைத் தெரியாதவர்களுக்காகக் கொஞ்சம். 1989இல் டெக்சஸின் டல்லஸில் நான்கு பெண்கள் சேர்ந்து தொடங்கியது. ஆரம்பத்தில் தெருமுனையிலும் சின்ன விழாக்களிலும் புளூகிராஸ் என்ற, கம்பி வாத்தியங்களில் வேகமாக வாசிக்கும் இசையை வாசித்துக்கொண்டிருந்தார்கள். அந்த நால்வரில் கடைசிவரை நின்றவர்கள் அக்கா தங்கை இருவர். ஃபிடில் (வயலின்) வாசிக்கும் மார்ட்டி மக்வயர், பேஞ்ஜோவும் டோப்ரோ என்ற கிட்டார் வகையும் வாசிக்கும் எமிலி ராபிசன். 1995இல் லபக் நகரத்துப் பெண் நடலி பாட வந்து சேர்ந்தார். அவருடைய அப்பா லாயிட் மெய்ன்ஸ் டெக்சஸில் எல்லோரும் மதிக்கும் பெடல் ஸ்டீல் கிட்டார் கலைஞர். நடலி வந்த பிறகு நடந்ததைக் கன்ட்ரி உலகம் அதற்கு முன் பார்த்ததில்லை. 1998இன் ‘வைட் ஓப்பன் ஸ்பேசஸ்’, 1999இன் ‘ஃப்ளை’ இரண்டுமே அமெரிக்காவில் ஒரு கோடிப் பிரதிகளை எட்டின.

அந்த உயரத்தில் நின்றுகொண்டு தங்கள் இசை நிறுவனமான சோனியுடனேயே ராயல்டி கணக்குக்காக வழக்குக்குப் போனார்கள். 2002இல் சமரசம் ஆகி, தங்களுக்கென்று ஒரு இசை வெளியீட்டு லேபிளையும் வாங்கிக்கொண்டார்கள். அந்தச் சண்டை நடந்துகொண்டிருந்த நாட்களில் டெக்சஸில் லாயிட் மெய்ன்ஸோடு உட்கார்ந்து, டிரம்ஸே இல்லாமல், மின் இணைப்பில்லாத கம்பி வாத்தியங்களை மட்டும் வைத்துப் பதிவு செய்ததுதான் ‘ஹோம்’. 2002 ஆகஸ்டில் வந்தது. முதல் வாரத்திலேயே ஏழே முக்கால் லட்சத்துக்கு மேல் விற்றது. 2003 ஜனவரி கடைசியில் அமெரிக்கக் கால்பந்தின் இறுதியாட்டமான சூப்பர் பௌலில் நாட்டின் தேசிய கீதத்தை இவர்கள்தான் பாடினார்கள். பிப்ரவரியில் கிராமி விருதுகளை அள்ளினார்கள். மார்ச் 1ஆம் தேதி சுற்றுப்பயணத்துக்கு டிக்கெட் விற்பனை தொடங்கியது. அந்த ஒரு வார இறுதியில் மட்டும் 4 கோடியே 90 லட்சம் டாலர் வசூல்.

பிறகு மார்ச் 10. லண்டனில் ஷெப்பர்ட்ஸ் புஷ் எம்பயர் அரங்கம். ஈராக் படையெடுப்புக்கு இன்னும் பத்து நாள்தான் இருந்தது. ‘டிராவலின் சோல்ஜர்’ என்ற பாட்டைத் தொடங்கும் முன் நடலி கூட்டத்திடம் பேசினார். நாங்களும் உங்கள் பக்கம்தான், இந்தப் போர் எங்களுக்கு வேண்டாம், இந்த வன்முறை வேண்டாம், அமெரிக்க அதிபர் எங்கள் டெக்சஸ்காரர் என்பதில் எங்களுக்கு வெட்கம். சொல்லிவிட்டுப் பாட்டுக்குப் போய்விட்டார். இரண்டு நாள் கழித்து ஒரு பிரிட்டிஷ் பத்திரிகை விமர்சனத்தில் கடைசி வாக்கியம் மட்டும் வந்தது. போர் வேண்டாம் என்ற முன்பாதி அச்சில் இல்லை. அமெரிக்காவுக்குப் போய்ச் சேர்ந்ததும் அந்த அரைகுறை வாக்கியம்தான்.

பாட்டைக் கவனியுங்கள். வியட்நாம் போரில் செத்துப்போகும் ஒரு பதினெட்டு வயசுப் பையனைப் பற்றிய பாட்டு அது. அதற்கு முன்னுரையாகச் சொன்ன வார்த்தைக்குத்தான் ‘படைவீரர்களை அவமதித்தவர்கள்’ என்ற பட்டம் கிடைத்தது. இன்னொன்றும் உண்டு. அதே மார்ச் மாதத்தில் பில்போர்டு கன்ட்ரி பட்டியலில் முதலிடத்தில் இருந்ததும் அதே பாட்டுதான். முதலிடத்தில் இருந்த பாட்டை ஒவ்வொரு நிலையமாக நிறுத்தின. அடுத்த வாரங்களில் பட்டியலில் சறுக்கி விழுந்து காணாமலே போயிற்று. பாப் வானொலிகளிலும் ஓடிக்கொண்டிருந்த இவர்களின் ‘லேண்ட்ஸ்லைட்’ ஒரே வாரத்தில் 10ஆம் இடத்திலிருந்து 43க்கு இறங்கியது.

மார்ச் 14ஆம் தேதி நடலி மன்னிப்புக் கேட்டார். அதிபர் பதவிக்கு உரிய மரியாதையோடு பேசியிருக்க வேண்டும் என்றார். யாரும் கேட்கத் தயாராக இல்லை. லூசியானாவின் போசியர் சிட்டியில் இவர்களின் சிடிகளைக் குவித்துவைத்து டிராக்டரை ஏற்றி நசுக்கினார்கள். கியூமுலஸ் என்ற வானொலி நிறுவனம் தன்னிடமிருந்த 42 கன்ட்ரி நிலையங்களிலும் இவர்கள் பாட்டை ஒரு மாதம் ஒலிபரப்பக் கூடாது என்று உத்தரவு போட்டது. கொலராடோவில் இரண்டு அறிவிப்பாளர்கள் தடையை மீறி இவர்கள் பாட்டைப் போட்டதற்காக வேலையிலிருந்து தற்காலிகமாக நீக்கப்பட்டார்கள்.

ஒரு தலைமை அலுவலகத்தில் எடுத்த முடிவு ஒரே நாளில் பல மாநிலங்களில் எப்படி அமலாகும்? அதற்கு வழி விட்டது 1996இன் தொலைத்தொடர்புச் சட்டம். அதுவரை நாடு முழுக்க ஒரு நிறுவனம் இத்தனை வானொலி நிலையங்களைத்தான் வைத்திருக்கலாம் என்று வரம்பு இருந்தது. அந்தச் சட்டம் வரம்பை எடுத்துவிட்டது. ஊருக்கு ஊர் உள்ளூர்க்காரர் நடத்திய நிலையங்கள் சில பெரிய கைகளுக்குள் போயின. 2003 ஜூலையில் செனட்டின் வணிகக் குழு இதைப் பற்றி விசாரித்தபோது, குழுத் தலைவர் ஜான் மக்கெய்ன் குடியரசுக் கட்சிக்காரராக இருந்தும், போர் விஷயத்தில் நடலியின் கருத்துக்கு நேர் எதிரானவராக இருந்தும், கியூமுலஸ் தலைவரை விட்டுவைக்கவில்லை. உள்ளூர் நிலையங்கள் தாங்களாக முடிவெடுத்தால் ஒரு மாதிரி, மேலே இருந்து ஒருவர் உத்தரவு போட்டு ஊமையாக்கினால் வேறு மாதிரி என்பது அவர் வாதம். நானும் அதையேதான் நினைக்கிறேன். ஒரு கேட்பவருக்குப் பிடிக்கவில்லை என்றால் ரேடியோவை அணைப்பது அவர் உரிமை. மற்றவர்களுக்கும் சேர்த்து ஒருவர் அணைத்துவிட்டுப் போவது வேறு.

ரசிகர்கள் எல்லோரும் கைவிட்டுவிட்டார்கள் என்றுதான் நிலையங்கள் சொல்லின. தொலைபேசி அழைப்புகளும் மின்னஞ்சல்களும் அப்படித்தான் வந்துகொண்டிருந்தன என்பதும் உண்மை. ஆனால் டிக்கெட் வாங்கியவர்கள் இருந்தார்களே? இங்கே ஒன்றை நேர்மையாகச் சொல்லியாக வேண்டும். இந்தக் குழுவை ஆதரித்து எழுதுகிறவர்கள், பாருங்கள் அரங்கங்கள் நிரம்பின, மக்கள் அவர்கள் பக்கம்தான் என்று முடித்துவிடுவார்கள். டிக்கெட்டுகளில் பெரும்பகுதி விற்றது மார்ச் 1ஆம் தேதி. லண்டன் பேச்சு மார்ச் 10. ஆக, வாங்கியபோது யாரும் எந்தப் பக்கத்தையும் எடுக்கவில்லை, பாட்டுக் கேட்கக் காசு கொடுத்தார்கள், அவ்வளவுதான். விற்ற கணக்கை வைத்து எதையும் நிரூபிக்க முடியாது. காசு கொடுத்தவர்கள் அன்றைக்கு வந்தார்களா, வந்து என்ன செய்தார்கள் என்பதுதான் விஷயம். அதற்கு வசூல் கணக்கு உதவாது, ஒலிப்பதிவு உதவும். அதனால்தான் இந்த ஆல்பம் எனக்கு முக்கியமாகப் படுகிறது.

முதல் பாட்டு ‘குட்பை எர்ல்’. மனைவியை அடித்து மருத்துவமனையில் படுக்கவைக்கும் எர்ல் என்பவனை, அவளும் அவளுடைய பள்ளித்தோழியும் சேர்ந்து காராமணியில் விஷம் கலந்து கொன்றுவிடும் கதை. டென்னிஸ் லிண்டி எழுதியது. 2000இல் இந்தப் பாட்டு வந்தபோதே சில நிலையங்கள் போட மறுத்தன. ஆக வானொலியின் முகச்சுளிப்பு இவர்களுக்குப் புதிது இல்லை. மூன்று வருடம் கழித்து, இதைவிடப் பெரிய கதவு மூடப்பட்ட பிறகு, எடுத்த எடுப்பில் அந்தப் பாட்டிலேயே தொடங்குகிறார்கள். கேட்கிற எனக்கு அதில் ஒரு நிமிர்வு தெரிகிறது. முதல் வரி பாடி முடிவதற்குள் கூட்டம் சேர்ந்து பாடத் தொடங்கிவிடுகிறது. பெரும்பாலும் பெண்களின் குரல். தாயும் மகளுமாக வந்தவர்கள் நிறைய.

அந்தச் சுற்றுப்பயணத்தில் மேடையை அரங்கின் ஒரு முனையில் போடாமல் நடுவில் போட்டிருந்தார்கள். நாலு பக்கமும் ஆட்கள். முதுகைக் காட்டாமல் நிற்க வழியே இல்லாத மேடை. கொலை மிரட்டல் வந்துகொண்டிருந்த மாதங்களில் அதில் ஏறி நிற்பது என்ன என்று யோசித்துப் பார்த்தால் எனக்கு அடிவயிறு கலங்குகிறது. ஜூலை 6ஆம் தேதி டல்லஸ் நிகழ்ச்சியில் நடலியைச் சுட்டுக் கொல்வோம் என்று நாளும் ஊரும் குறித்தே கடிதம் வந்தது. காவல்துறைப் பாதுகாப்போடு வந்து, பாடிவிட்டு, அதே பாதுகாப்போடு விமானத்துக்குப் போனார்கள். அது அந்தக் குழு பிறந்த சொந்த ஊர்.

முதல் சிடியின் நடுவில் வருகிறது ‘டிராவலின் சோல்ஜர்’. இந்தப் பாட்டை எழுதிய புரூஸ் ராபிசன் எமிலியின் அப்போதைய கணவருடைய சகோதரர். கதை ரொம்பச் சின்னது. பேருந்துக்குக் காத்திருக்கும் ராணுவ உடைப் பையன் ஒருவன் ஒரு காப்பிக்கடையில் உட்கார்கிறான். பதினெட்டு முடிந்து இரண்டு நாள்தான் ஆகியிருக்கிறது. பரிமாறும் பெண் தலையில் ரிப்பன் கட்டியிருக்கிறாள். கொஞ்ச நேரம் என்னோடு உட்கார்ந்து பேசுவாயா, மனசு சரியில்லை என்று கூச்சத்தோடு கேட்கிறான். வேலை முடிய ஒரு மணி நேரம் இருக்கிறது, அப்புறம் போகலாம் என்கிறாள். கடிதம் எழுத வீட்டில் வேறு யாரும் இல்லை, உனக்கு எழுதலாமா என்கிறான். கடிதங்கள் முதலில் கலிஃபோர்னியா முகாமிலிருந்து வருகின்றன, அப்புறம் வியட்நாமிலிருந்து. பிறகு வருவதில்லை. கடைசியில் ஒரு வெள்ளிக்கிழமை இரவு, பள்ளிக்கூடக் கால்பந்து மைதானம். பிரார்த்தனை முடிகிறது, தேசிய கீதம் முடிகிறது. வியட்நாமில் இறந்த உள்ளூர்ப் பையன்களின் பெயர்களை வாசிக்கிறார்கள். ஒரு பெயர் வரும்போது அங்கே யாருக்கும் எதுவும் ஆகவில்லை. பார்வையாளர் படிக்கட்டுக்கு அடியில் பள்ளி பேண்டில் பிக்கலோ என்ற சின்னப் புல்லாங்குழல் வாசிக்கும் அந்தப் பெண் மட்டும் தனியாக அழுகிறாள்.

இந்தக் கதையில் போருக்கு எதிராக ஒரு சொல் கிடையாது. ஆதரவாகவும் கிடையாது. எந்த அரசியல்வாதியின் பெயரும் இல்லை. படைவீரர்களின் குடும்பங்கள் நெஞ்சில் வைத்துக்கொண்டாடிய பாட்டு இது. தேசிய கீதம் ஒலிக்கும் மைதானத்திலேயே அந்தப் பெண்ணை உட்காரவைத்து, அவள் துக்கத்தைப் பார்க்காத ஊரைக் காட்டிவிட்டுப் பாட்டு முடிந்துவிடுகிறது. ஸ்டுடியோ பதிவில் நடலி இதை அடக்கிப் பாடியிருப்பார். கதை சொல்கிறவரின் குரல் அது. மேடைப் பதிவில் குரல் இன்னும் கெட்டிப்பட்டிருக்கிறது. மார்ட்டியும் எமிலியும் மேல்சுருதியிலும் கீழ்ச்சுருதியிலும் சேரும் இடத்தில் மூன்று குரலும் ஒட்டிக்கொள்கின்றன. சகோதரிகள் சேர்ந்து பாடும்போது மட்டுமே வரும் அந்தப் பொருத்தத்தை நடலி நடுவில் நின்று தாங்குகிறார். வெளியே ஈராக்கிலிருந்து சவப்பெட்டிகள் வரத் தொடங்கியிருந்த கோடைக்காலம் அது. ஆயிரக்கணக்கான பேர் இதைச் சேர்ந்து பாடுகிறார்கள். அவர்களில் பலருடைய வீட்டிலிருந்தும் யாராவது அங்கே போயிருப்பார்கள். வானொலி நிறுத்திய பாட்டை அவர்கள் அடி பிசகாமல் மனப்பாடமாக வைத்திருக்கிறார்கள்.

நான் இந்த ஆல்பத்தை முதலில் கேட்டது வெளியாகிப் பல வருடம் கழித்து, டல்லஸ் பக்கம் வேலைக்கு வந்த பிறகுதான். ஹாஃப் பிரைஸ் புக்ஸ் கடையில் பழைய சிடிகள் இருக்கும் அடுக்கில் கிடைத்தது. உறையின் மூலையில் யாரோ பேனாவால் பெயரின் முதலெழுத்துகளை எழுதி வைத்திருந்தார்கள். முதல் சிடியில் கீறல் விழுந்து தேய்ந்திருந்தது. இரண்டாவது புத்தம் புதிதாக இருந்தது. காரில் போட்டுக்கொண்டு அலுவலகம் போய்வருவேன். என்னோடு வேலை பார்த்த ஒரு அம்மாள், லபக் பக்கத்துக்காரர், என் காரில் ஏறியதும் பாட்டைக் கேட்டுவிட்டுச் சட்டென்று சத்தத்தைக் கூட்டினார். அந்த வருடம் இவர்களுடைய சிடிகள் எல்லாவற்றையும் தூக்கிப் போட்டேன், என் மகன் அப்போது படையில் இருந்தான், கோபம் தாங்கவில்லை என்றார். பிறகு? பிறகு அவன் திரும்பி வந்தான், அவனேதான் எனக்கு எல்லாவற்றையும் மறுபடி வாங்கிக் கொடுத்தான் என்றார். அதற்கு மேல் அவர் எதுவும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. அலுவலகம் வரும்வரை ‘வைட் ஓப்பன் ஸ்பேசஸ்’ பாடிக்கொண்டே வந்தார்.

அவருடைய கோபத்தை நான் மதிக்கிறேன். வானொலிக்காரர்களின் கோபத்தை அப்படி மதிக்க என்னால் முடியவில்லை.

‘ட்ரூத் நம்பர் டூ’ பாட்டுக்கு வருகிறேன். பாட்டி கிரிஃபின் (Patty Griffin) என்ற பாடகி எழுதியது. என் வாயிலிருந்து வரும் உண்மையின் ஓசை உனக்குப் பிடிப்பதில்லை என்கிற தொனியில் தொடங்கும். ‘ஹோம்’ ஆல்பத்தில், 2002இல், இது ஒரு தனிமனிதர் இன்னொருவரிடம் சொல்லும் பாட்டு. காதல் முறிவாகக்கூட எடுத்துக்கொள்ளலாம். 2003 மேடையில் அதே சொற்கள், அதே மெட்டு. ஒரு எழுத்துகூட மாறவில்லை. கேட்கும் அரங்கத்துக்கு அர்த்தம் முழுசாக மாறிவிட்டது. முதல் வரிக்கே எழும் ஆரவாரத்தைக் கேட்டால் தெரியும். ஒரு பாட்டுக்கு அடியில் நாட்டு நடப்பு வந்து உட்கார்ந்துகொண்டால் எழுதியவர் நினைக்காத பாரத்தையும் அது சுமக்கும். இதைக் கைதட்டலோடு சேர்த்துக் கேட்க வேண்டும். ஸ்டுடியோ பதிவு எத்தனை நேர்த்தியாக இருந்தாலும் அதில் இது கிடைக்காது.

‘லாங் டைம் கான்’ இன்னொரு வகை. டாரல் ஸ்காட் எழுதியது. இப்போதைய வானொலிப் பாட்டுகளில் உயிர் இல்லை, பழைய கன்ட்ரி மேதைகளான ஹேகர்டும் கேஷும் ஹேங்க் வில்லியம்ஸும் இருந்த இடத்தில் இன்று யார் இருக்கிறார்கள் என்று பெயர்களை வைத்துச் சொல்விளையாட்டு செய்யும் பாட்டு. தன்னைக் குறை சொல்லும் அந்தப் பாட்டை வானொலி 2002இல் விரும்பிப் போட்டு இரண்டாம் இடம்வரை கொண்டுபோனது. அந்தப் பாட்டில் பெயர் வரும் மெர்ல் ஹேகர்ட், வியட்நாம் காலத்தில் போர் எதிர்ப்பாளர்களைச் சாடும் பாட்டுகளால் புகழ்பெற்றவர். 2003 கோடையில் அவர் பேசினார். இந்தப் பெண்களை எனக்குப் பழக்கமே இல்லை, ஒரு கருத்தைச் சொன்னதற்காக நாடே அவர்கள் மீது பாய்ந்தது முந்தைய போர்களில் உயிர்விட்டவர்களுக்கே அவமானம் என்றார். அதைப் படித்த பிறகு மேடைப் பதிவில் அவர் பெயர் வரும் இடத்தை நான் வேறு விதமாகக் கேட்கிறேன்.

இத்தனையும் பேசிவிட்டு வாசிப்பைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் அநியாயம். அரசியல் சர்ச்சையின் புழுதியில் மறந்துபோன விஷயம், இவர்கள் முதலில் வாத்தியக்காரர்கள் என்பது. மார்ட்டி சின்ன வயசிலேயே கான்சஸில் நடக்கும் பெரிய ஃபிடில் போட்டியில் பரிசு வாங்கியவர். ‘லில் ஜாக் ஸ்லேட்’ என்ற வாத்திய இசை நடலியின் மகன் பெயரில் அமைந்தது. சொற்களே கிடையாது. எமிலியின் பேஞ்ஜோ விரல் விரலாக உதிர்க்கும் வேகத்தின் மீது ஃபிடில் வந்து ஏறுகிறது, பிறகு மாண்டலின். ஒருவர் முடிக்கும் இடத்தில் அடுத்தவர் எடுத்துக்கொள்வார். ஸ்டுடியோவில் தப்பினால் திரும்ப வாசிக்கலாம், பத்தாயிரம் பேர் முன்னால் முடியாது. அதற்கு முன் வரும் ‘வைட் டிராஷ் வெட்டிங்’ பாட்டையும் இதையும் ஒரே மூச்சில் கேளுங்கள். இவர்கள் டல்லஸ் தெருமுனையில் எப்படி இருந்திருப்பார்கள் என்று தெரியும்.

இந்த ஆல்பத்தில் நான் மிக ரசிப்பது இரண்டு காலங்கள் ஒரே மேடையில் மோதிக்கொள்வதைத்தான். ‘ஃப்ளை’ காலத்துப் பாட்டுகளுக்கு டிரம்ஸும் எலக்ட்ரிக் கிட்டாரும் வேண்டும். ‘ஹோம்’ பாட்டுகளுக்கு அவை கூடாது. பெரிய அரங்கத்தின் கடைசி வரிசைவரை ஒரு டோப்ரோவின் நெளிவு போய்ச் சேர வேண்டும் என்றால் ஒலியமைப்பாளருக்குத் தனித் திறமை வேண்டும். பெரும்பாலான இடங்களில் அது நன்றாகவே வந்திருக்கிறது. ‘எ ஹோம்’ பாட்டில் வாத்தியங்களுக்கு நடுவே காற்று போக இடம் விட்டிருக்கிறார்கள்.

குறையும் உண்டு. இரண்டாவது சிடியின் நடுப்பகுதி தொய்கிறது. ‘காட்ஸ்பீட்’, ‘லேண்ட்ஸ்லைட்’ இரண்டும் ஸ்டுடியோவில் செய்ததற்கு மேல் மேடையில் எதையும் கூட்டவில்லை. தாலாட்டான ‘காட்ஸ்பீட்’ அத்தனை பெரிய அரங்கில் பாடுவதற்கான பாட்டே இல்லை என்பது என் எண்ணம். அதோடு, மொத்தப் பதிவையும் கொஞ்சம் அதிகமாகவே மெருகேற்றிவிட்டார்கள். எனக்கு இன்னும் கொஞ்சம் பிசிறு வேண்டும். பாப் டிலன் எழுதிய ‘மிஸ்ஸிஸிப்பி’யில் மட்டும் அந்தப் பிசிறு கிடைக்கிறது. நடலி அதில் கத்துவதற்கு ஒரு மயிரிழை முன்னால் நின்று பாடுகிறார்.

கடைசிக்கு முந்தின பாட்டு ‘டாப் ஆஃப் த வேர்ல்ட்’. பயணத்துக்கும் ஆல்பத்துக்கும் பெயர் கொடுத்தது. பெயரைக் கேட்டால் வெற்றிக் களிப்பு என்று தோன்றும். பாட்டோ செத்துப்போன ஒரு மனிதர் திரும்பிப் பார்ப்பது. வாழ்ந்தபோது சொல்லாமல் விட்ட அன்பு, கூட இருந்தவளிடம் காட்டிய கடுமை, இனி சரிசெய்ய வழியில்லை என்ற நிலை. இதையும் பாட்டி கிரிஃபின்தான் எழுதினார். நடலி இங்கே ஆறு நிமிடம்போல எடுத்துக்கொள்கிறார். முன்பாதியில் குரலைத் தாழ்த்தியே வைத்திருந்து, கடைசியில் வாத்தியங்கள் திரண்டு வரும்போது தானும் ஏறுகிறார். ஏறி நின்று ஒரே சொற்றொடரைத் திரும்பத் திரும்பப் பாடும்போது அது கெஞ்சலா ஆத்திரமா என்று பிரிக்க முடியாது. 2005இல் இந்த மேடைப் பதிவுக்கே கிராமி கிடைத்தது, கன்ட்ரி குழுப் பாடலுக்கான பிரிவில். அப்போதும் பெரும்பாலான கன்ட்ரி நிலையங்கள் இவர்களை ஒலிபரப்பிக்கொண்டிருக்கவில்லை. கன்ட்ரியின் சிறந்த குழுப் பாடல் என்று தேர்வானது கன்ட்ரி வானொலிகளில் கேட்கக் கிடைக்காத ஒரு பாட்டு!

அதன்பின் நடந்தது பலருக்கும் தெரியும். 2006இல் நடலி தன் மன்னிப்பைத் திரும்பப் பெற்றார். இசைத் தயாரிப்பாளர் ரிக் ரூபினோடு சேர்ந்து செய்த ‘டேக்கிங் த லாங் வே’ வந்தது, 2007இல் ஐந்து கிராமி வாங்கியது. கன்ட்ரி வானொலி மனசு மாறவில்லை. போரைப் பற்றி நாட்டில் பெரும்பாலானவர்களின் எண்ணம் மாறிய பிறகும் நிலையங்களின் பட்டியல்கள் மாறவில்லை. அடுத்த லைவ் ஆல்பம் வர 2017 ஆயிற்று. அதிலும் ‘டிராவலின் சோல்ஜர்’ உண்டு, ‘ட்ரூத் நம்பர் டூ’ உண்டு, ‘டாப் ஆஃப் த வேர்ல்ட்’ உண்டு. அது நல்ல பதிவு. குரல்களில் முதிர்ச்சி கூடியிருக்கிறது, ஒலி இன்னும் துல்லியம். ஆனால் அங்கே வந்திருப்பவர்கள் எல்லாம் முடிந்த பிறகு கொண்டாட வந்தவர்கள்.

புதிதாகக் கேட்கப்போகிறவர்களுக்கு 2003 பதிவைத்தான் கையில் கொடுப்பேன். வரிசையாகக் கேட்க நேரமில்லை என்றால் ‘டிராவலின் சோல்ஜர்’, ‘ட்ரூத் நம்பர் டூ’, ‘லில் ஜாக் ஸ்லேட்’, ‘மிஸ்ஸிஸிப்பி’, ‘டாப் ஆஃப் த வேர்ல்ட்’ என்று இந்த ஐந்தையும் இதே வரிசையில் கேளுங்கள். கைதட்டல் வரும் இடங்களைத் தாண்டிவிடாதீர்கள்.